காளைகளின் முன் ஓட அனுமதிச் சீட்டு வாங்க வேண்டுமா?

கேள்வி: ஜூலையில் ஸ்பெயினின் பாம்ப்லோனா நகரில் நடக்கும் சான் ஃபெர்மின் திருவிழாவுக்குச் செல்கிறேன். காளை ஓட்டத்தில் பங்கேற்க ‘ஓட்ட அனுமதி’ வாங்கித் தருவதாகச் சொல்லி, பயண முகவர் தனியாக 150 யூரோ கேட்கிறார். கட்டலாமா?

பதில்: கட்டாதீர்கள். அப்படியோர் அனுமதிச் சீட்டே கிடையாது. ஜூலை 7 முதல் 14 வரை தினமும் காலை 8 மணிக்கு நடக்கும் ஓட்டத்தில், பதினெட்டு வயது நிறைந்து, மது அருந்தாமல், கேமரா எதுவும் எடுக்காமல் வருபவர் எவரும் பெயர்கூடப் பதியாமல் ஓடலாம். ஏழரை மணிக்குள் தடுப்புக்குள் வந்துவிட வேண்டும், அவ்வளவுதான். ஜூலை 7 காலையில் திருவிழா நாயகரான புனித ஃபெர்மினின் திருவுருவத்தைச் சுமந்து வரும் பவனியைத் தெருவில் நின்று பார்ப்பதற்கும் கட்டணம் இல்லை. ஓட்டத்துக்குச் சற்று முன், ஓட்டம் தொடங்கும் சாந்தோ தொமிங்கோ தெருச் சரிவில் ஓடுபவர்கள், சுவர் மாடத்திலுள்ள அவருடைய சிறிய உருவத்தை நோக்கி, சுருட்டிய செய்தித்தாளை உயர்த்தி மூன்று முறை பாடிக் காவல் வேண்டுவார்கள். அந்தப் பாட்டுக்கும் யாரேனும் சீட்டு விற்கக்கூடும், எச்சரிக்கை.

பணம் கொடுப்பது நியாயமாகும் இடம் ஒன்று உண்டு: பால்கனி. ஓட்டப் பாதையில் உள்ள வீடுகள் தனியாருடையவை என்பதால் உரிமையாளர்கள் வாடகை வாங்குகிறார்கள். ஆனால், ‘எஸ்டஃபெட்டா தெருப் பால்கனி’ என்று மட்டும் எழுதிய ரசீது செல்லாக்காசு. கட்டட எண், எத்தனையாவது மாடி, முன்வரிசையா பின்வரிசையா, எத்தனை பேர் நிற்பார்கள் என்பதெல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். பின்வரிசை கிடைத்தால் முன்னால் நிற்பவரின் முதுகைத்தான் பார்ப்பீர்கள். முன்வரிசையிலிருந்தும், சுமார் 875 மீட்டர் ஓட்டத்தில் காளைகள் உங்களைக் கடப்பது சில நொடிகளே என்பதை அறிந்து விலை பேசுங்கள்.

முகவர் சொல்லாமல் விட்ட செய்தி காப்பீடு. ஸ்பெயின் உள்ளிட்ட பல ஐரோப்பிய நாடுகளுக்குப் பொதுவான ஷெங்கன் விசாவுக்கு 30,000 யூரோ மருத்துவக் காப்பீடு கேட்கும் அதிகாரிகள், அது எதற்குச் செல்லாது என்று விண்ணப்பதாரருக்கு ஒரு வரி விளக்குவதில்லை. தாளைப் பார்த்து முத்திரை குத்துவதோடு அவர்கள் கடமை தீர்ந்துவிடுகிறது. ஆபத்தான விளையாட்டில் தெரிந்தே இறங்கினால் இழப்பீடு இல்லை என்ற விதி பல காப்பீடுகளில் பொடி எழுத்தில் இருக்கும். நூறாண்டுகளுக்குச் சற்று மேலான காலத்தில் 16 பேர் இறந்த ஓட்டம் இது. கடைசி மரணம் 2009இல். ஆகவே 150 யூரோவை மிச்சப்படுத்திய கையோடு, ‘காளை ஓட்டத்தில் காயம் பட்டால் செலவை ஏற்பீர்களா?’ என்று காப்பீட்டு நிறுவனத்திடம் மின்னஞ்சலில் கேளுங்கள். தொலைபேசியில் கிடைக்கும் ‘ஆமாம் சார்’ போதாது.