மகனோடு கேம் ஆடினால் குமட்டுகிறது, காதில் கோளாறா?

கேள்வி: வயது 41. பத்து வயது மகனோடு கம்ப்யூட்டரில் மைன்கிராஃப்ட் ஆடுகிறேன். இருபது நிமிடத்தில் வாயில் எச்சில் ஊறி, குமட்டி, வியர்த்துவிடுகிறது. அவன் ஆட நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தால் இன்னும் மோசம். அவனுக்கு ஒன்றும் ஆவதில்லை. பிபி, சுகர், கண் எல்லாம் சரியாக இருக்கிறது. ஸ்கேன் எடுக்கவா?

பதில்: நீங்கள் சொல்வது இவ்வளவுதான் என்றால் ஸ்கேன் வேண்டாம். மலைப்பாதையில் பஸ் ஏறினால் வாந்தி வருகிற ஆளா நீங்கள்? இதுவும் அதே சங்கதிதான், தலைகீழாக. பஸ்ஸில் குனிந்து மொபைல் பார்க்கும்போது காது "ஆடுகிறோம்" என்கிறது, கண் இல்லை என்கிறது. கேமில் கண் "ஓடுகிறோம்" என்கிறது, காது "நாற்காலியில்தானே இருக்கிறோம்" என்கிறது. உள்காதில் பக்கத்துக்கு மூன்று அரைவட்டக் குழாய்கள் இருக்கின்றன, தலை திரும்பினால் அவற்றில் உள்ள திரவம் நகர்ந்து மூளைக்குத் தகவல் போகும். மவுஸால் நீங்கள் திரையைத் திருப்பும்போது அங்கே ஒரு அசைவும் இல்லை. இந்த முரண்தான் குமட்டல். காது ஒழுங்காக வேலை செய்வதால் வருகிற தொந்தரவு என்றுகூடச் சொல்லலாம்.

பக்கத்தில் உட்கார்ந்தால் மோசமாவதற்குக் காரணம், டிரைவருக்கு வராத வாந்தி பின் சீட்டுக்காரருக்கு வருவதுதான். மவுஸ் மகன் கையில் இருக்கிறது, அடுத்து எந்தப் பக்கம் திரும்பும் என்று அவன் மூளைக்கு முன்பே தெரியும், உங்களுக்குத் தெரியாது. போதாததற்கு அவன் தினமும் ஆடிப் பழகியவன்.

மாத்திரைக்கு முன்னால் கேமின் கேமராவைச் சரிசெய்யுங்கள். செட்டிங்கில் வியூ பாபிங் என்று ஒன்று இருக்கும், நடக்கும்போது ஒவ்வோர் அடிக்கும் காட்சி மேலும் கீழும் குலுங்குவது அதனால்தான். நிஜத்தில் நடக்கும்போதும் தலை குலுங்கத்தான் செய்கிறது, ஆனால் கண்ணும் காதும் சேர்ந்து அதை நமக்குத் தெரியாமல் சமன்செய்துவிடும், திரையில் குலுங்குவதை யார் சமன்செய்வது? முதலில் அதை ஆஃப் செய்யுங்கள். அடுத்து எஃப்ஓவி, அதாவது திரையில் எவ்வளவு அகலக் காட்சி தெரிகிறது என்பது. இது வழக்கமாக 70-ல் இருக்கும். மானிட்டருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தால் சிலருக்கு அது குழாய்க்குள் பார்த்துக்கொண்டே நடப்பது போல இருக்கும், 80, 85 என்று கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டிப் பாருங்கள். ஓடும்போது காட்சி சட்டென்று விரியும் இல்லையா, அந்த எஃப்ஓவி எஃபெக்ட்ஸைப் பூஜ்யமாக்குங்கள். அப்படியும் வந்தால் எஃப்5 அழுத்தி ஆளின் முதுகு தெரிகிற கோணத்தில் ஆடுங்கள், கண்ணுக்குப் பிடித்துக்கொள்ள அசையாத ஓர் உருவம் கிடைக்கும்.

அறையில் லைட் எரியட்டும், சுவர் கண்ணில் படுகிற மாதிரி கொஞ்சம் தள்ளி உட்காருங்கள். கொட்டாவி, எச்சில் என்று ஆரம்பித்ததுமே நிறுத்திவிடுங்கள், "பழகிவிடும்" என்று பல்லைக் கடித்துக்கொண்டு ஆடினால் அன்று ராத்திரிச் சாப்பாடு போச்சு. பஸ்ஸுக்குப் போடுகிற அவோமினை இதற்குப் போடாதீர்கள், ஒரு விளையாட்டுக்காகத் தூங்கி வழிய வேண்டுமா?

கேம் ஆடாத நேரத்திலும் அறை சுற்றினால், ஒரு காது மந்தமானால், காதில் இரைச்சல் கேட்டால், தலைவலியோடு வாந்தி வந்தால் காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பாருங்கள். பேச்சு குழறினாலோ, இரண்டிரண்டாகத் தெரிந்தாலோ, நடை தள்ளாடினாலோ அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள்.