வாசகர் கேள்வி பதில்: நூதனசாலையில் தொட்டிலும் சட்டி பானையுமா?

கேள்வி: பிரான்சில் இருக்கும் மகனிடம் போயிருந்தேன். தெற்கே ஆர்ல் என்ற ஊரில் ஒரு நூதனசாலைக்குக் கூட்டிக்கொண்டு போனான். ராசா ராணியின் நகை, வாள் இருக்குமாக்கும் என்று பார்த்தால் தொட்டில், சட்டி பானை, பழைய உடுப்பு, மாட்டுச் சாமான்! ரிக்கெற் எடுத்துப் பார்க்க இதில் என்ன இருக்கிறது? (வாசகி, ஒட்டுசுட்டான்)

பதில்: அக்கா, நீங்கள் போனது லேசுப்பட்ட இடமில்லை. மூசெயோன் ஆர்லாத்தென் என்று பெயர். தொடங்கியது அரசாங்கமும் இல்லை, ஒரு கவிஞர். பிரெடெரிக் மிஸ்த்ரால், தெற்குப் பிரான்சின் ஊர்மொழியான புரொவான்சாலில் எழுதியவர். அந்த மொழியைப் பள்ளிக்கூடத்தில் பேசினால் பிள்ளைக்குத் தண்டனை கிடைத்த காலம் அது. ரெயில் வந்து, தொழிற்சாலை வந்து, ஊர் உடுப்பும் ஊர் வழக்கமும் ஒவ்வொன்றாகக் கழன்றுகொண்டிருந்தன. மனுசன் 1896 இல் மரின்யான் என்ற வைத்தியரையும் துணைக்குச் சேர்த்துக்கொண்டு, வீட்டில் கிடக்கிறதைத் தாருங்கள் என்று சனத்திடம் கேட்டுச் சேர்க்கத் தொடங்கி, 1899 இல் திறந்துவிட்டார். 1904 இல் இலக்கியத்துக்கான நோபல் பரிசு கிடைத்தது (பாதிதான், மற்றப் பாதி ஒரு ஸ்பானியருக்கு). அந்தக் காசையும் இதற்குள்ளேயே போட்டு, 1909 இல் இப்போதிருக்கும் மாளிகைக்கு மாற்றினார். நோபல் காசைத் தொட்டிலுக்கும் சட்டி பானைக்கும் செலவழித்த ஆள் அவர் ஒருவராகத்தான் இருக்கும்.

பிள்ளை பெற்ற தாயைப் பார்க்கப் பெண்கள் வரும் காட்சி ஒன்று அங்கே ஆளளவு பொம்மைகளோடு இருக்கிறது, கவனித்தீர்களோ தெரியாது. தாய் கட்டிலில், வந்தவர்கள் கையில் பாண், முட்டை, உப்பு, ஒரு தீக்குச்சி. பிள்ளை பாணைப்போல நல்லதாக, முட்டையைப்போல நிறைவாக, உப்பைப்போலப் புத்தியாக, தீக்குச்சியைப்போல நேராக வளர வேண்டுமாம். வாள் வைத்திருந்தால் இந்தளவு தெரிந்திருக்குமா? காட்சிப் பொருட்களுக்கான குறிப்புகளையும் மிஸ்த்ரால் தன் மொழியிலேயே எழுதி வைத்தார், காவலுக்கு நின்ற பெண்களும் ஊர் உடுப்பில்தான் நிற்க வேண்டும் என்றார். அப்புறம் 2009 இல் பூட்டித் திருத்தி, 2021 இல்தான் திரும்பத் திறந்தார்கள்.

அதே காலத்தில், 1895 இல், எங்கள் வன்னியைப் பற்றியும் ஜே. பி. லூயிஸ் என்ற வெள்ளைக்கார அதிகாரி விரிவாக எழுதினார். எழுத்து மிஞ்சியது, கடகம் மிஞ்சவில்லை.

கேள்வி: எங்கள் பள்ளிக்கூடத்திலும் பழைய சாமான்களுக்கு ஓர் அறை ஒதுக்க யோசிக்கிறோம். ஆனால் இடப்பெயர்வில் எல்லாம் போய்விட்டதே, எதை வைப்பது? (ஆசிரியர், மாங்குளம்)

பதில்: சேர், சாமான் போனது உண்மைதான். 2009 இல் உடுத்த துணியோடு போன சனம் கலப்பையையா தூக்கிக்கொண்டு போகும்? ஆனால் செய்யத் தெரிந்த கை இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. மரக்கலப்பையும் நுகமும் செதுக்கத் தெரிந்த ஒரு பெரியவரை, ஓலையில் கடகம் இழைக்கும் ஒரு ஆச்சியைப் பிடியுங்கள், பிள்ளைகளுக்கு முன்னால் செய்யச் சொல்லுங்கள். கீழே யார் செய்தது, எந்த ஊர், எந்த ஆண்டு என்று உள்ளபடி எழுதுங்கள். புதுச் சாமானைப் புகை காட்டிப் பழசாக்கும் வேலை மட்டும் வேண்டாம், அதைப்போல அசிங்கம் வேறில்லை. குறிசுடு கம்பி யாரிடமாவது கிடந்தால் முதலில் அதை வாங்குங்கள். ஆர்லுக்குப் பக்கத்துக் கமார்க் சமவெளியிலும் காளைகளுக்குப் பட்டிக்குப் பட்டி வேறு குறி சுடுகிறார்கள், எங்கள் பட்டிக்காரர் செய்ததும் அதுதானே.

காட்சிக்கு வைக்கக் கண்ணாடிப் பெட்டி, பொம்மை என்று காசைக் கொட்டாதீர்கள். ஜோர்ஜ் ஆன்ரி ரிவியேர் என்பவர் 1937 இல் பாரிசில் நாட்டுப்புற வாழ்க்கைக்கென்று ஒரு நூதனசாலை தொடங்கினார் (2005 இல் பூட்டி, சாமான்களை மார்செய்க்குக் கொண்டுபோய், அங்கே 2013 இல் புதிதாகத் திறந்தார்கள்). அவருக்குப் பொம்மை பிடிக்காது. தங்கூசி நூலில் சாமானைத் தொங்கவிடுவார், ஒருவர் கையில் பிடித்து வேலை செய்யும்போது எந்த உயரத்தில், எந்தச் சரிவில் இருக்குமோ அப்படியே. ஆள் தெரியாது, வேலை தெரியும். ஒரு சுளகைப் புடைக்கும் சரிவில் தொங்கவிட்டுப் பாருங்கள். தங்கூசிக்கு முல்லைத்தீவில் பஞ்சமா?

கேள்வி: பிரான்சிலும் நெல் விளைகிறதாம், உண்மையா? (வாசகர், விசுவமடு)

பதில்: உண்மைதான் தம்பி, அதே கமார்க்கில். இரண்டாம் உலகப் போருக்கென்று 1939 இல் பிரான்ஸ் ஆண்ட இந்தோசீனாவிலிருந்து (இன்றைய வியட்நாம் பக்கம்) சுமார் 20,000 பேரைக் கட்டாயமாகக் கொண்டுபோனார்கள். அவர்களில் கொஞ்சப்பேரை அந்த உவர் நிலத்தில் இறக்கியதில்தான் நெல் திரும்பத் தலையெடுத்தது. அங்கே வயலில் தண்ணீர் கட்டுவது பயிருக்கு மட்டுமில்லை, மண்ணின் உப்பைக் கீழே அமுக்கவும்தான். குளிர்நாடு, ஆனபடியால் ஒரே போகம். சித்திரை, வைகாசியில் விதைத்து மாரிக்கு முன் வெட்டிவிடுவார்கள். தண்ணீர் ரோன் ஆற்றிலிருந்து வாய்க்கால் வழியாக வருகிறது, சிறுபோகத்துக்கு எத்தனை ஏக்கர் என்று கூட்டம் வைத்துக் கத்துகிற வேலை அவர்களுக்கு இல்லை.