எடிட்டிங்கை நம்பிப் பணம் கட்டுங்கள்

அன்புள்ள அம்மா,

மகள் பிளஸ் டூ முடித்துவிட்டாள், எடிட்டிங் படித்துவிட்டுப் பிறகு ஆவணப்படம் இயக்கப் போவதாகச் சொல்கிறாள், எதை நம்பிப் பணம் கட்டுவது என்று கேட்டிருக்கிறீர்கள். எடிட்டிங்கை நம்பிக் கட்டுங்கள். ஆவணப்படம் மட்டும் சோறு போடுவது அரிது. விளம்பரம், சீரியல், வெப் சீரிஸ், யூடியூப் சேனல் என்று எடிட்டருக்குச் சென்னையில் வேலை ஏதாவது வந்துகொண்டே இருக்கும். இயக்கும் ஆசைக்கும் அதுதான் சரியான பயிற்சி.

கதைப்படத்துக்குத் திரைக்கதை முன்பே தயாராகிவிடும். ஆவணப்படம் பெரும்பாலும் எடிட்டிங் மேசையில்தான் உருவாகிறது. காசிமேட்டு மீனவர் ஒருவரிடம், "மகனையும் கடலுக்கு அனுப்புவீர்களா?" என்று கேட்கிறார்கள் என்று வையுங்கள். அவர் நான்கு விநாடி பேசவில்லை. கையிலிருக்கும் வலையைப் பார்க்கிறார். பிறகு, "படிக்கட்டும்" என்கிறார். அவசரக்கார எடிட்டர் அந்த நான்கு விநாடியை வெட்டிவிடுவார். பதில் மட்டும் மிஞ்சும். விட்டுவைத்தால், அந்தப் பதிலைச் சொல்ல அவர் பட்ட பாடும் தெரியும். ரஷஸை, அதாவது வெட்டாத மூலக் காட்சிகளை, மாதக்கணக்கில் பார்ப்பவருக்கு, எந்தக் கேள்வி எதிராளியின் வாயை அடைத்தது, எங்கே கேமராவைச் சீக்கிரம் நிறுத்திவிட்டார்கள் என்பதெல்லாம் பிடிபட்டுவிடும். இயக்குநருக்கு வேறென்ன வேண்டும்?

புனே திரைப்படக் கல்லூரியில் எடிட்டிங் படித்த ரீனா மோகன் இப்படி வந்தவர்தான். 1913-இல் இந்திய சினிமாவின் முன்னோடி தாதாசாகேப் பால்கேயின் படத்தில் நடித்த கமலாபாய் கோகலேயைப் பற்றி அவர் எடுத்த 'கமலாபாய்' தேசிய விருது பெற்றது. இயக்குநரான பிறகும் அவர் எடிட்டிங்கை விடவில்லை. நம் ஊரில் எடிட்டர் பி. லெனின் 'ஊருக்கு நூறு பேர்' படத்துக்காகச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது வாங்கினார். அது கதைப்படம் என்றாலும், புறப்பட்ட இடம் ஒன்றுதான்.

படிப்பைப் பொறுத்தவரை, தரமணியில் உள்ள அரசு எம்.ஜி.ஆர். திரைப்பட நிறுவனத்தில் எடிட்டிங்குக்கு நான்கு ஆண்டுப் பட்டப்படிப்பு இருக்கிறது. முதலில் அதற்கு முயலட்டும். புனே, கொல்கத்தா நிறுவனங்களுக்குப் பட்டமும் நுழைவுத் தேர்வும் வேண்டும். அதைப் பிறகு பார்க்கலாம். மூன்று மாதத்தில் எடிட்டராக்குகிறோம் என்னும் மையங்கள் மென்பொருளைத்தான் சொல்லித்தரும். டாவின்சி ரிசால்வ் என்னும் எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பை வீட்டிலேயே பழகிக்கொள்ளலாமே, அதற்கு எதற்கு அவ்வளவு பணம்?

முதல் சில ஆண்டுகள் அசிஸ்டென்ட் வேலைதான். ஹார்ட் டிஸ்கில் வருவதை இன்னொரு பிரதி எடுத்துவைப்பது, படத்தோடு ஒலியைச் சேர்ப்பது, ஒவ்வொரு ஷாட்டுக்கும் பெயர் போடுவது என்று போகும். சலிப்பான வேலை, ஆனால் இதில் ஒழுங்கில்லாதவரை யாரும் மறுபடி கூப்பிடுவதில்லை. சம்பளம் முன்னே பின்னே வரும், வேலை நள்ளிரவைத் தாண்டும். சம்பளம் எவ்வளவு, எந்தத் தேதி, இரவில் வீடு திரும்ப வண்டி உண்டா என்பதைச் சேரும் முன்பே அவள் கேட்டுவிட வேண்டும். உங்கள் பயத்துக்கு மருந்து இதுதான். வேலைக்கே போகாதே என்று தடுப்பது மருந்தாகாது.

சொந்தப் படத்தைச் சிறியதாகத் தொடங்கட்டும். வீட்டை அடகு வைத்து ஆவணப்படம் எடுக்கும் பேச்சு வந்தால் மட்டும் கண்டிப்பாகத் தடுங்கள். முடித்த படத்தைத் திருவனந்தபுரத்திலும் மும்பையிலும் நடக்கும் ஆவணப்பட விழாக்களுக்கு அனுப்பலாம்.

இந்த விடுமுறையில் ஒரு வேலை கொடுங்கள். பாட்டியை ஒரு மணி நேரம் பேசவிட்டுக் கைபேசியில் பதிவு செய்யட்டும். எந்த நிமிடத்தில் என்ன சொன்னார் என்று முழுவதையும் நோட்டில் எழுதட்டும். பிறகு அதை ஐந்து நிமிடமாக்கட்டும். அந்தப் படத்தோடு நோட்டையும் எடுத்துக்கொண்டு வரச் சொல்லுங்கள். நான் முதலில் நோட்டைத்தான் பார்ப்பேன்.