விமானம் வாங்கலாம், வால்வு வாங்க முடியுமா?

அன்புள்ள அண்ணாச்சி,

சவூதி அரசு ரியாத் ஏர் என்று புதிதாக ஒரு தேசிய விமான நிறுவனம் தொடங்கியிருக்கிறது. அங்கே வேலை பார்க்கும் என் மச்சான் போட்டோ அனுப்பியிருந்தார். ஊதா நிறத்தில் அப்படி ஒரு அழகு! ஏர் இந்தியாவை விற்றுவிட்ட நாம் மறுபடியும் அரசு சார்பில் ஒன்று ஆரம்பித்தால் என்ன? வாகைக்குளத்தில், அதுதான் நம் தூத்துக்குடி விமான நிலையத்தில், ரன்வே 3,115 மீட்டருக்கு நீண்டாயிற்று. மேலப்பாளையத்திலும் கடையநல்லூரிலும் எத்தனையோ வீட்டு ஆட்கள் வளைகுடாவில் கிடக்கிறார்கள். இன்னமும் திருவனந்தபுரம் போய்த்தான் ஏறுகிறோம். வ.உ.சி. கப்பல் விட்ட மண்ணுக்கு ஒரு அரசு விமானம் கூடாதா? எத்தனை கோடி ஆகும், எத்தனை வருடம் ஆகும்? தங்கை மகன் டிப்ளமோ மெக்கானிக்கல் முடித்துவிட்டுச் சும்மா இருக்கிறான். அவனுக்கும் ஒரு வழி பிறக்குமே.

ஏ., மேலப்பாளையம்

அன்புள்ள தம்பி,

உங்கள் ஆசை எனக்குப் புரிகிறது. பெட்டியும் பிள்ளையுமாக ராத்திரியில் வேன் பிடித்து ஆரல்வாய்மொழி தாண்டிப் போகிற குடும்பங்களுக்காகத்தான் கேட்கிறீர்கள். ஆனால் போட்டோவைப் பார்த்துக் கடிதம் எழுதியிருக்கிறீர்கள், அதற்குத் திட்டு உண்டு. வண்ணம் அடிப்பதுதான் இந்தத் தொழிலிலேயே லேசான வேலை. 2023 மே மாதம் ‘நைஜீரியா ஏர்’ என்று பெயர் எழுதிய ஒரு போயிங் 737 அபுஜாவில் வந்து இறங்கியது. எத்தியோப்பியன் ஏர்லைன்ஸின் விமானத்துக்கு மேல்பூச்சு மட்டும் மாற்றிக் கொண்டுவந்திருந்தார்கள். காட்டிவிட்டுத் திரும்பிப் போய்விட்டது. அந்த நிறுவனம் ஒரு பயணியைக்கூட ஏற்றவில்லை.

இன்னொன்று. அரசிடம் விமான நிறுவனமே இல்லை என்கிற மாதிரி எழுதுகிறீர்கள். 2022 ஜனவரியில் டாடாவுக்குப் போனது ஏர் இந்தியா. அலையன்ஸ் ஏர் இன்றும் அரசிடம்தான் இருக்கிறது, ஏடிஆர் 72 என்ற சின்ன விசிறி விமானங்களை ஓட்டுகிறது. அதைப் பற்றி உங்கள் கடிதத்தில் ஒரு வார்த்தை உண்டா? இருப்பதைக் கண்ணெடுத்துப் பாராமல் புதிது கேட்பது நம் ஊர் வழக்கமாகவே ஆகிவிட்டது.

வளைகுடா நேரடி விமானம் முதல் நாளே வராது. 2016 விமானக் கொள்கைப்படி, உள்நாட்டுச் சேவைக்கு 20 விமானம் அல்லது மொத்தத் திறனில் 20 சதவீதம், இதில் எது அதிகமோ அதை ஒதுக்கிய இந்திய நிறுவனம்தான் வெளிநாடு பறக்கலாம். ஆக, முதலில் இருபது விமானம். அதற்கு விமானிகள் எத்தனை பேர் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளலாம். ஒரு விமானம் நாளைக்குப் பத்து மணி நேரம் பறந்தால் வருடத்துக்கு 3,650 மணி. ஒரு விமானிக்குச் சட்ட உச்சவரம்பு 1,000 மணி. ஓய்வு, விடுப்பு, சிமுலேட்டர் எல்லாம் போக 750 தேறினால் பெரிது. ஆகவே ஒரு விமானத்துக்கு ஐந்து கேப்டன், ஐந்து துணை விமானி. எத்தனை கோடி என்ற கேள்வியை இத்தோடு விடுகிறேன். கோடி கிடைத்துவிடும். கிடைக்காத ஒன்றைச் சொல்லத்தான் இந்தப் பதில்.

விமானத்தில் ஒரு பாகம் பழுதானால் உடனே பறக்கக் கூடாது என்றில்லை. எம்இஎல் என்று ஒரு பட்டியல் உண்டு. எது வேலை செய்யாவிட்டாலும் எந்த நிபந்தனையோடு, எத்தனை நாள் பறக்கலாம் என்று அதில் இருக்கும். பி வகைக்கு மூன்று நாள், சி வகைக்குப் பத்து நாள், டி வகைக்கு 120 நாள். ஏ வகைக்கு அந்தந்த இடத்திலேயே கெடு எழுதியிருக்கும். ஒரு ஏடிஆரில் உள்ளே குளிர்காற்று தருகிற ஏசி பேக் இரண்டில் ஒன்றின் வால்வு மக்கர் செய்கிறது, அது சி வகையில் வருகிறது என்று வையுங்கள். இன்ஜினியர் டெக் லாக் என்கிற பழுதுப் பதிவேட்டில் எழுதி, சுவிட்சுக்குப் பக்கத்தில் ‘இன்ஆப்’ (வேலை செய்யாது) என்று ஸ்டிக்கர் ஒட்டி, கையெழுத்துப் போட்டு அனுப்புவார். எழுதிய நாளைத் தள்ளி மறுநாளிலிருந்து எண்ணிக்கை ஓடும். பத்து முடிந்தால் விமானம் தரையில். ஒருமுறை நீட்டிப்பு கேட்கலாம், அதற்கும் காரணம் காட்ட வேண்டும்.

இப்போது அரசு நிறுவனத்தின் கொள்முதல் பிரிவுக்கு வாருங்கள். ஸ்டோரில் வால்வு இல்லை. இண்டென்ட் (தேவைக் கோரிக்கை) எழுதி, மதிப்பீடு போட்டு, நிதிப் பிரிவு சம்மதம் வாங்கி, டெண்டர் விட வேண்டும். மத்திய அரசின் பொது நிதி விதிகளில் விலைப்புள்ளி கொடுக்கச் சாதாரணமாகக் குறைந்தது மூன்று வாரம் தரச் சொல்லியிருக்கிறது. பத்து நாளில் பறக்க முடியாமல் நிற்கப்போகிற விமானத்துக்கு இருபத்தொரு நாள் டெண்டர்! அதற்குப் பிறகு தொழில்நுட்பப் பரிசீலனை, எல்1, அதாவது ஆகக் குறைந்த விலை சொன்னவர், யார் என்று பார்ப்பது, வெளிநாட்டுக் கம்பெனிக்கு முன்பணம், சென்னைக் கஸ்டம்ஸ்.

சிங்கிள் டெண்டர் இருக்கிறதே, அவசரக் கொள்முதல் இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது, தம்பி. விதியில் இருக்கிறது. நாலு வருடம் கழித்து ஆடிட் வந்து ‘ஏன் மூன்று விலைப்புள்ளி வாங்கவில்லை’ என்று கேட்கும்போது பதில் சொல்ல அந்தக் கையெழுத்துக்காரர் மட்டும்தான் நிற்பார். விமானம் ஒரு மாதம் தரையில் கிடந்ததற்கு யாரையும் யாரும் கேட்பதில்லை. அவர் எதைச் செய்வார் என்று நீங்களே சொல்லுங்கள். எல்1 என்று மலிவாகக் கொடுப்பவனிடம் போனாலும் ஆபத்து. விமானத்தில் மாட்டத் தகுதியானது என்று சொல்கிற ரிலீஸ் சான்றிதழ் இல்லாத பாகம் வெறும் இரும்பு. 2023-இல் சிஎஃப்எம்56 என்ற ஜெட் இன்ஜினின் பாகங்கள் போலிச் சான்றிதழோடு உலகம் முழுக்கப் போய்ச் சேர்ந்தது தெரிந்து, பல நிறுவனங்கள் இன்ஜினைக் கழற்றித் தேடின.

வால்வு வரவில்லை. என்ன செய்வார்கள்? ஷெட்டில் நிற்கிற இன்னொரு விமானத்திலிருந்து கழற்றி மாட்டுவார்கள். ஒரு வேலை இரண்டாகும்: இரண்டு முறை கழற்றல், இரண்டு முறை மாட்டல், இரண்டு முறை சோதனை. இரண்டு விமானமும் வேறு வேறு குத்தகைக்காரர்களுடையது என்றால், யார் பாகம் யார் விமானத்தில் என்ற வழக்கு. அடுத்த வாரம் அதே விமானத்திலிருந்து ஒரு பம்ப், அதற்கடுத்து ஒரு கம்ப்யூட்டர். மூன்று மாதத்தில் அந்த விமானம் பறக்காது, ஆனால் மாத வாடகை ஓடும். கழற்றிய பாகங்களின் காகிதம் எங்காவது தவறிப்போனால் அது தனிக் கூத்து. இன்ஜினுக்குள் சுற்றுகிற ஆயுள் வரம்புள்ள பாகங்களுக்குத் தொழிற்சாலையில் பிறந்த நாள் முதல் விமானம் ஏறி இறங்கிய ஒவ்வொரு தடவைக்கும் கணக்கு வேண்டும். நடுவில் ஒரு தாள் இல்லையென்றால் நல்ல பாகமும் குப்பைக்குத்தான்.

இதற்கு மருந்து உண்டு, எல்லாருக்கும் தெரிந்ததுதான். முதல் விமானம் வருமுன்பே பறக்கும் மணிக்கு இவ்வளவு என்று பாகங்களுக்கு ஒப்பந்தம் போட்டு, சப்ளை செய்பவனின் சரக்கை நம் ஸ்டோரிலேயே வைத்துவிட வேண்டும். டெண்டர் அப்போதே ஒருமுறை, ஆற அமர. ஏறக்குறைய பத்து இன்ஜினுக்கு ஒன்று உபரி. ஆறு விமானம் வாங்கினால் ஐந்துக்கு மட்டும் டைம்டேபிள். நம் பஸ் டெப்போவில் ஸ்பேர் வண்டி நிற்கிறதே, அதுபோல ஆறாவது நிற்க வேண்டும். அரசு நிறுவனத்தில் அது நிற்காது. ‘சும்மாதானே நிற்கிறது, சேலத்துக்கு விடு’ என்று மேலிருந்து போன் வரும்.

உங்கள் மச்சான் அனுப்பிய போட்டோவிலேயே பாடம் இருக்கிறது. ரியாத் ஏர் 2023 மார்ச்சில் அறிவிக்கப்பட்டது. விமானம் இயக்க அனுமதிக்கும் சான்றிதழ் கிடைத்தது 2025 ஏப்ரலில். வாங்கச் சொன்ன போயிங் 787கள் வந்து சேரத் தாமதம். 2025 அக்டோபர் 26 அன்று லண்டனுக்குப் பறந்தது, உபரியாக வைத்துக்கொள்ளக் குத்தகைக்கு எடுத்திருந்த ‘ஜமீலா’ என்ற 787. லண்டன் ஹீத்ரோவில் கொடுத்த நேரத்தை 80 சதவீதமாவது பயன்படுத்தாவிட்டால் அடுத்த பருவத்தில் அந்த உரிமை போய்விடும். உபரி கையில் இருந்தது, பறந்தார்கள்.

வ.உ.சி.யை இழுத்தீர்கள், சரி. 25 ரூபாய் வீதம் 40,000 பங்கு என்று 1906-இல் அவர் சுதேசிக் கப்பல் கம்பெனியைத் தொடங்கினார். முதலில் ஓடியது பம்பாய் ஷா லைன் கம்பெனியின் வாடகைக் கப்பல். பிரிட்டிஷ் கம்பெனி மிரட்டியதும் கொடுத்தவர்கள் கப்பலைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். அவர் உட்கார்ந்து புலம்பவில்லை. இலங்கையிலிருந்து உடனே வேறொரு கப்பலை அமர்த்தி ஓட்டத்தைக் காப்பாற்றினார். பிறகுதான் காலியா, லாவோ என்ற சொந்தக் கப்பல்கள். சிலைக்கு மாலை போடுகிறவர்கள் அந்த இலங்கைக் கப்பலை நினைப்பதே இல்லை. எனக்கு அவர் செய்ததிலேயே அதுதான் பெரிதாகப் படுகிறது.

தங்கை மகனை விட்டுவிட்டேனே. மூன்று வருட டிப்ளமோவுக்கு ஏஎம்இ, அதாவது விமானப் பராமரிப்பு இன்ஜினியர், லைசென்ஸ் வழி திறந்திருக்கிறது. டர்பைன் விமானத்துக்கு பி1.1, ஏவியானிக்ஸுக்கு பி2. பையன் மெக்கானிக்கல், பி1.1 எடுக்கட்டும். ஒவ்வொரு மாட்யூலிலும் (தேர்வுப் பாடத்திலும்) 75 சதவீதம் வாங்க வேண்டும். லைசென்ஸ் வந்தாலும் குறிப்பிட்ட விமான வகைக்குத் தனியாக டைப் ரேட்டிங் வேண்டும், அந்தச் செலவை இப்போதே விசாரித்து வையுங்கள். எல்லாரும் இன்ஜின் மாட்யூலைத் தூக்கிக்கொண்டு ஓடுவார்கள். அவனை மாட்யூல் 10, அதாவது விமானச் சட்டத்தை முதலில் முடிக்கச் சொல்லுங்கள். எம்இஎல் அதற்குள்தான் இருக்கிறது.