தம்பிக்கு எழுதிக் கொடுத்த வீட்டை அம்மா திரும்பப் பெற முடியுமா?

கேள்வி: 74 வயதாகும் என் அம்மா, திண்டுக்கல் வீட்டை 2019-ல் தம்பிக்குத் தான செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்தார். அவன் குடும்பத்தோடு ஓசூர் போய்விட்டான். வாடகையை அவனே வாங்கிக்கொள்கிறான்; அம்மாவின் மருந்துக்குக்கூடப் பணம் அனுப்புவதில்லை. அம்மா கோவையில் என்னுடன் இருக்கிறார். 35,000 ரூபாய் கொடுத்தால் ரத்துப் பத்திரம் போட்டுத் தருவதாக ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். எழுதிக் கொடுத்தவர் தனியாகப் போய் செட்டில்மெண்டை ரத்து செய்யும் பத்திரத்தைச் சார்பதிவாளர் ஏற்கக் கூடாது என்று சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 2022-லேயே சொல்லிவிட்டது. இது அந்த இடைத்தரகருக்கும் தெரியும். பதிவாகாவிட்டால் ‘ஆபீஸில் சிக்கல்’ என்பார், பணம் திரும்பாது.

முதலில் செட்டில்மெண்டின் சான்றிட்ட நகலை வாங்கிப் படியுங்கள். சொத்து விவரத்துக்கு முந்தைய பக்கத்தில் ‘என் ஆயுள் உள்ளவரை நானே அனுபவித்துக்கொள்வேன்’ என்று ஒரு வரி இருக்கிறதா? இருந்தால் ரத்து செய்ய ஓட வேண்டியதே இல்லை. வாடகை இன்றைக்கும் அம்மாவுடையது. பத்திர நகலை இணைத்து, இனி வாடகையைத் தன் கணக்கில் போடும்படி குடியிருப்பவருக்கு அம்மா ஒப்புகையுடன் தபால் அனுப்பினால் போதும். வம்பு என்னவென்றால், அதே பத்திரத்தில் நாலு வரி தள்ளி ‘இன்றே சுவாதீனம் ஒப்படைத்துவிட்டேன்’ (அதாவது, வீட்டை அவர் வசமே விட்டுவிட்டேன்) என்றும் இருக்கும். பழைய பத்திரத்தைப் பார்த்து அப்படியே அடிப்பதால் வரும் வினை இது. இரண்டும் இருந்தால் தம்பி இரண்டாவது வரியைத்தான் காட்டுவார். அப்போது வாடகைத் தகராறை வளர்க்காமல் கீழே சொல்லும் மனுவுக்குப் போங்கள்.

பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டம், 2007-ன் 23-ஆம் பிரிவுதான் உங்களுக்கு வழி. பார்த்துக்கொள்வார் என்ற நிபந்தனையில் எழுதிக் கொடுத்து, அவர் பார்க்காவிட்டால், அந்தப் பத்திரத்தைச் செல்லாது என்று அறிவிக்கக் கேட்கலாம். நிபந்தனையைப் பத்திரத்தில் எழுதியிருக்க வேண்டுமா என்பதில்தான் வழக்குகள் மாறி மாறிப் போயின. 2022-ல் உச்ச நீதிமன்றம், நிபந்தனை இருந்ததை நிரூபித்தே ஆக வேண்டும் என்று கறாராகச் சொன்னது. 2025 ஜனவரியில் முதியோருக்குச் சாதகமாகச் சட்டத்தைப் படிக்கச் சொன்னது. நிபந்தனை தனியாக எழுதப்படாமல் ‘அன்பினாலும் பாசத்தினாலும்’ என்ற வாசகம் இருந்தால், பார்த்துக்கொள்வார் என்ற நம்பிக்கையில்தான் எழுதினார் என்று வாதிட, அதை நகலில் கோடிட்டுக் காட்டுங்கள்.

மனு வருவாய்க் கோட்டாட்சியரிடம் (வண்டி லைசென்ஸ் தரும் ஆர்.டி.ஓ. அல்ல). அம்மா வசிக்கும் கோவையிலேயே கொடுக்கலாம். அவரால் நடக்க முடியாவிட்டால், அவர் எழுத்தில் அதிகாரம் தந்து நீங்கள் கொடுக்கலாம். வக்கீல் கட்டாயமில்லை. செட்டில்மெண்ட் நகல், புது வில்லங்கச் சான்று, ஆதார், மருந்து பில்கள், அம்மாவின் பாஸ்புக், இவை போதும். ‘கவனிக்கவில்லை’ என்று மொட்டையாக எழுதாதீர்கள். எந்த மாதத்திலிருந்து பணம் வரவில்லை, எந்த மருந்துக்கு எவ்வளவு ஆனது என்று தேதியோடு எழுதுங்கள். பத்திர ரத்தோடு மாதாந்திரப் பராமரிப்பையும் சேர்த்தே கேளுங்கள். உச்சவரம்பு 10,000 ரூபாய்.

திங்கட்கிழமை குறைதீர்க்கும் கூட்டத்தில் போடாதீர்கள். அது காவல் நிலையத்துக்குப் போய், ‘குடும்பத் தகராறு, அறிவுரை கூறி அனுப்பப்பட்டது’ என்று முடிந்துவிடும். பராமரிப்பு மனுவை நோட்டீஸ் கொடுத்த 90 நாளில் முடிக்க வேண்டும் என்பது சட்டம். ஆனால் தேர்தல் பணி, வெள்ளப் பணி என்று ஒவ்வொரு வாய்தாவிலும் முதியவரைப் பெஞ்சில் உட்கார வைத்துத் திருப்பி அனுப்புகிறார்கள். ஒப்புகைச் சீட்டில் எண் வாங்காமல் வராதீர்கள்.

விசாரணையில் முதலில் சமரசம் பேசுவார்கள். ‘இனிமேல் பார்த்துக்கொள்கிறேன்’ என்று தம்பி சொல்ல, அம்மா கண்கலங்கிக் கையெழுத்துப் போட்டால் மனு அத்தோடு முடிந்தது. மறு மாதம் பணம் வராது. எவ்வளவு, எந்தத் தேதிக்குள், எந்த வங்கிக் கணக்கில் என்று எழுதி, தவறினால் செட்டில்மெண்ட் செல்லாது என்ற வரியும் இருந்தால் மட்டும் கையெழுத்திடச் சொல்லுங்கள்.

சாதகமாக உத்தரவு வந்தால், சான்றிட்ட நகலைத் திண்டுக்கல் சார்பதிவாளரிடம் கொடுத்துப் பதிய வையுங்கள். வில்லங்கச் சான்றில் அது ஏறும்வரை, தம்பி அந்த வீட்டை அடமானம் வைக்கத் தடையிருக்காது.