பென்சில்வேனியா ஸ்கூல்ல வாலன்டியர் பண்ண கிளியரன்ஸ்: கேட்டதும் சொன்னதும்

நான் பிலடெல்பியாவுக்கு மேற்கே செஸ்டர் கவுண்டில இருக்கேன். பத்து வருஷத்துக்கு மேல பப்ளிக் ஸ்கூல்ல லைப்ரரி, ஃபீல்ட் ட்ரிப், ரீடிங் ஹெல்ப்னு போயிட்டு வர்றேன், புதுசா வர்ற அப்பா அம்மாங்களுக்கு இந்த கிளியரன்ஸ், அதாவது ஆளோட பின்னணிய சரிபாத்து குடுக்குற சர்டிபிகேட், அந்த பேப்பர் வேலையில கூட உக்காந்து உதவியும் பண்றேன். ஆகஸ்ட் வந்தாலே எல்லாரும் ஒரே நேரத்துல கேப்பாங்க, அதான் எல்லா கேள்வியையும் பதிலோட இங்க ஒண்ணா எழுதிட்டேன். இது பென்சில்வேனியாவுக்கு மட்டும், நியூஜெர்சி டெலவேர் காரங்க இதை வச்சு அப்ளை பண்ணிடாதீங்க.

கேள்வி: அக்கா, மொத்தம் எத்தனை கிளியரன்ஸ், எவ்ளோ காசு ஆகும்?

மூணு. ஒண்ணு ஸ்டேட் போலீஸ் கிரிமினல் ரெக்கார்ட் செக், இத பேட்ச்னு சொல்லுவாங்க. ரெண்டாவது சைல்ட் அப்யூஸ் கிளியரன்ஸ், ஹியூமன் சர்வீசஸ் டிபார்ட்மென்ட் குடுக்குறது. மூணாவது எஃப்.பி.ஐ கைரேகை. முதல் ரெண்டும் வாலன்டியருக்கு இலவசம். சைல்ட் அப்யூஸ் மட்டும் 57 மாசத்துக்கு ஒரு தடவைதான் இலவசமா தருவாங்க. கைரேகைக்கு இருபத்தஞ்சு டாலர் பக்கம் ஆகும். மூணுமே 60 மாசம் செல்லும், அதாவது அஞ்சு வருஷம். மூணுல எது பழசோ அந்த தேதியில இருந்து எண்ணுவாங்க, அத மறந்துடாதீங்க.

அப்ளை பண்றப்போ வாலன்டியர்ங்கிற ஆப்ஷன எடுத்தீங்களான்னு ரெண்டு தடவ பாருங்க. வேலைக்குன்னு தெரியாம கிளிக் பண்ணிட்டா போலீஸ் செக்குக்கு 22 டாலர், சைல்ட் அப்யூஸுக்கு 13 டாலர் கேக்கும், அவசரத்துல கார்டு நம்பர போட்டுட்டு அப்புறம் வருத்தப்படுறவங்கள வருஷா வருஷம் பாக்குறேன்.

கேள்வி: பேட்ச்ல நோ ரெக்கார்ட்னு உடனே வந்துருச்சு. ஸ்கிரீன்ஷாட் அனுப்பினேன், ஸ்கூல் ஆஃபீஸ்ல இது செல்லாதுன்னுட்டாங்க. ஏன்?

அந்த ரிசல்ட் பக்கத்துலயே சர்டிபிகேஷன் ஃபார்ம்னு ஒரு லிங்க் இருக்கும், அத கிளிக் பண்ணினாதான் ஸ்டேட் முத்திரையோட உண்மையான சர்டிபிகேட் வரும். அத பிடிஎஃப்பா சேவ் பண்ணுங்க, கன்ட்ரோல் நம்பரயும் தனியா எழுதி வைங்க. சிலருக்கு உடனே வராம ரிவ்யூல இருக்குன்னு காட்டும், பயப்படாதீங்க, பேரு வேற யாரோடயோ ஒத்துப்போனா கூட அப்படி நிக்கும்.

கேள்வி: சைல்ட் அப்யூஸ் ஃபார்ம்ல 1975-ல இருந்து இருந்த எல்லா அட்ரசும் கூட இருந்த எல்லார் பேரும் கேக்குறாங்க. நான் பொறந்ததே 1984-ல, மதுரை, கோயம்புத்தூர் ஹாஸ்டல், சென்னையில மேன்ஷன், அப்புறம் இங்க நாலு அபார்ட்மென்ட். எல்லாமேவா?

எல்லாமேதான் தம்பி. இங்கதான் நம்ம ஆளுங்க நிறைய பேரு பாதில விட்டுட்டு போறாங்க, அதனால கொஞ்சம் விரிவாவே சொல்றேன். நீங்க 84-ல பொறந்திருந்தா 84-ல இருந்து. அட்ரஸ் முழுசா ஞாபகம் இல்லன்னா ஞாபகம் இருக்குற அளவுக்கு போட்டா போதும்னு ஃபார்ம்லயே சொல்லிருக்காங்க, தெரு பேரு ஊரு பேரு போட்டா கூட ஒத்துக்குவாங்க. கூட இருந்தவங்கன்னா அப்பா, அம்மா, அண்ணன், தங்கச்சி, பொண்டாட்டி, பிள்ளைங்க, ஆறு மாசம் வந்து தங்கின மாமனார் மாமியார், ரூம்மேட்டுங்க எல்லாரும். கம்ப்யூட்டர் முன்னாடி உக்காரதுக்கு முன்னாடி ஒரு பேப்பர் எடுத்து வருஷ வாரியா எழுதிக்கோங்க, ஊர்ல அம்மாவுக்கு ஒரு ஃபோன் போடுங்க, எந்த வருஷம் எந்த வீட்ல இருந்தோம்னு அவங்களுக்குத்தான் சரியா தெரியும். அந்த பேப்பர பத்திரமா வைங்க, அஞ்சு வருஷம் கழிச்சு திரும்ப இதே வேலை இருக்கு.

ஏன் இத கேக்குறாங்கன்னா, குழந்தைய கொடுமை பண்ணினதா ஸ்டேட் பதிவுல இருக்குற ஆள கண்டுபிடிக்க பேரு மட்டும் பத்தாது, பேரு மாறும், ஊரு மாறும், கூட இருந்தவங்கள வச்சுத்தான் இவர்தான் அவர்னு உறுதி பண்ண முடியும். குறையா விட்டா திருப்பி அனுப்பிருவாங்க. சரியா குடுத்தா சட்டப்படி 14 நாளுக்குள்ள பதில் வரணும், பல பேருக்கு அதுக்கு முன்னாடியே வந்துடுது.

கேள்வி: என் பாஸ்போர்ட்ல ஒரே பேருதான், சர்நேம் காலி. விசால எஃப்.என்.யூன்னு (முதல் பேரு தெரியாதுன்னு அர்த்தம்) போட்டு என் பேர சர்நேம் ஆக்கிட்டாங்க. லைசென்ஸ்ல அப்பா பேரு பின்னாடி வந்துருக்கு. கைரேகை எடுக்க போன இடத்துல திருப்பி அனுப்பிட்டாங்க.

நம்ம தமிழ் ஆளுங்களுக்குன்னே வர்ற பிரச்சனை இது. நமக்கு இனிஷியலும் சொந்த பேரும்தான், இந்த ஊரு ஃபார்ம் எல்லாம் முதல் பேரு குடும்ப பேருன்னு ரெண்டு கட்டம் கேக்குது. நான் சொல்ற வழி இதுதான்: கைரேகைக்கு எந்த ஐடிய கொண்டு போறீங்களோ, அதுல எழுத்துக்கு எழுத்து எப்படி இருக்கோ அப்படியே ஐடென்டோகோ (கைரேகை எடுக்குற கம்பெனி) பதிவுல போடுங்க. அதே பேர மத்த ரெண்டு ஃபார்ம்லயும் போடுங்க. மிச்ச எல்லா வடிவத்தையும், இனிஷியல விரிச்சு எழுதினது, எஃப்.என்.யூ போட்டது, கல்யாணத்துக்கு முன்னாடி அப்பா பேரோட இருந்தது, அப்புறம் வீட்டுக்காரர் பேரோட வந்தது, எல்லாத்தையும் முன்னாடி பயன்படுத்தின பேருங்கிற கட்டத்துல போடுங்க. மறைக்கல, பேரு இப்படி அப்படி வந்திருக்குன்னு நாமளே சொல்லிட்டா யாருக்கும் சந்தேகம் வராது.

இன்னொண்ணு, ஐடென்டோகோல சர்வீஸ் கோடு கேக்கும். வாலன்டியருக்கு ஒரு கோடு, ஸ்கூல்ல சம்பளத்துக்கு சேர்றவங்களுக்கு வேற. ஸ்கூல் ஆஃபீஸ்ல கேட்டு எழுதிக்கிட்டு போங்க, தப்பான கோடுல எடுத்தா மறுபடி காசு கட்டி மறுபடி விரல் வைக்கணும்.

கேள்வி: எச்-4ல (வீட்டுக்காரரோட வேலை விசாவ வச்சு வர்ற விசா) இருக்கேன், சோஷியல் செக்யூரிட்டி நம்பர் கிடையாது. வாலன்டியர் பண்ணலாமா?

பண்ணலாம்மா. சைல்ட் அப்யூஸ் ஃபார்ம்ல அந்த நம்பர் கட்டாயம் இல்ல, காலியா விடலாம். சம்பளம் இல்லாம லைப்ரரில புக்கு அடுக்குறது, குழந்தைங்களுக்கு வாசிச்சு காட்டுறது எல்லாம் வேலைன்னு ஆகாது. ஆனா ஸ்கூல் காசு குடுத்து ஆள் வைக்கிற பொறுப்பு எதையும் சும்மா பண்றேன்னு ஏத்துக்காதீங்க, அது விசாவுக்கு நல்லதில்ல. இந்தியாவுல இருந்து போலீஸ் சர்டிபிகேட் வேணுமான்னும் பல பேரு கேட்டீங்க, இந்த சட்டம் அத கேக்கல.

கேள்வி: பத்து வருஷம் இங்க இருந்தா கைரேகை வேண்டாமாமே?

ஆமா. சம்பளம் இல்லாத வேலையா இருக்கணும், கடைசி 10 வருஷம் தொடர்ச்சியா பென்சில்வேனியாவுல குடியிருந்திருக்கணும், தடை பண்ற குற்றம் எதுவும் என் மேல இல்லன்னு எழுதி கையெழுத்து போடணும். தொடர்ச்சியாங்கிறது முக்கியம், நடுவுல ரெண்டு வருஷம் பெங்களூரு போய் இருந்துட்டு வந்தவங்க கைரேகை எடுத்தாகணும். இங்க குடி வந்ததுக்கு அப்புறம் ஒரு தடவ எடுத்துட்டீங்கன்னா அந்த காப்பியே போதும், அஞ்சு வருஷம் கழிச்சு மத்த ரெண்டையும் புதுப்பிக்கும்போதும் கைரேகைய மறுபடி எடுக்க சட்டம் சொல்லல. அதனால அந்த லெட்டர தூக்கி போட்றாதீங்க.

கேள்வி: ஸ்பீடிங் டிக்கெட் ரெண்டு இருக்கு, பிரச்சனையா?

இல்ல. சட்டத்துல இருக்குற லிஸ்ட் வேற, கொலை, கடத்தல், பாலியல் குற்றம், குழந்தைய ஆபத்துல விட்டது, கடந்த 5 வருஷத்துல போதைப்பொருள் ஃபெலனி (பெரிய குற்றம்), இந்த மாதிரி.

கேள்வி: தீபாவளிக்கு கிளாஸ்ல ஒரு அரை மணி நேரம் பேசப்போறேன், அதுக்குமா இத்தனையும்?

சட்டம் பாக்குறது ரெண்டு விஷயம்: குழந்தைங்கள பாத்துக்குற பொறுப்பு உங்க கையில இருக்கா, திரும்ப திரும்ப அவங்க கூட இருக்கீங்களா. டீச்சர் கூடவே இருக்க ஒரு நாள் வந்து விளக்கேத்துற கதை சொல்லிட்டு போறதுக்கு சட்டப்படி வேண்டாம், வாசல்ல ஐடி காட்டினா போதும், பல ஸ்கூல்ல அத ஸ்கேன் பண்ணி பாலியல் குற்றவாளி பட்டியலோட ஒப்பிட்டு பாப்பாங்க. ஆனா ஸ்கூல் டிஸ்ட்ரிக்ட் இதவிட கடுமையா ரூல் வைக்கலாம், வச்சும் இருக்காங்க, டீச்சர்கிட்ட முன்னாடியே கேளுங்க.

கேள்வி: டிபி டெஸ்ட் வேற கேக்குறாங்க. எனக்கு ஸ்கின் டெஸ்ட் எப்பவும் பாசிட்டிவ் வருது.

வாரம் 10 மணி நேரமோ அதுக்கு மேலயோ வர்ற வாலன்டியர்கிட்ட கேப்பாங்க. நமக்கெல்லாம் சின்ன வயசுல பிசிஜி ஊசி போட்டிருக்காங்க, தோள்ல தழும்பு இருக்கும் பாருங்க, அதனால ஸ்கின் டெஸ்ட் வீங்கலாம். டாக்டர்கிட்ட ரத்த டெஸ்ட் வேணும்னு கேளுங்க, பிசிஜி அத பாதிக்காது.

கேள்வி: தப்பா நினைக்காதீங்க, பெத்த அம்மா நான், என் பிள்ளை ஸ்கூலுக்கு போக என் மேலயே சந்தேகப்படுற மாதிரி இருக்கு. மனசு கஷ்டமா இருக்கு.

முதல் தடவ ஃபார்ம் பாத்தப்போ எனக்கும் அப்படித்தான் இருந்துச்சு. அப்புறம் இது ஏன் வந்துச்சுன்னு தெரிஞ்சுக்கிட்டேன். ஜெர்ரி சாண்டஸ்கின்னு பென் ஸ்டேட் யூனிவர்சிட்டி ஃபுட்பால் டீம்ல அசிஸ்டன்ட் கோச். குழந்தைங்களுக்குன்னு ஒரு தொண்டு அமைப்பே நடத்தினவரு, ரிட்டயர் ஆனப்புறம் ஒரு ஹைஸ்கூல்ல வாலன்டியர் கோச்சாவும் இருந்தாரு, ஊரே நம்புச்சு. 2011-ல கைது, 2012-ல பாலியல் கொடுமை பண்ணினதா 45 குற்றச்சாட்டுல தண்டனை, பாதிக்கப்பட்டது எல்லாமே சின்ன பசங்க. அதுக்கப்புறம் ஸ்டேட் குழு போட்டு சட்டத்த ஒண்ணொண்ணா மாத்தினாங்க, 2014-ல வந்த ஆக்ட் 153தான் வாலன்டியருக்கும் இத கட்டாயம் ஆக்குச்சு, 2015-ல சில திருத்தம் பண்ணி, வாலன்டியருக்கு போலீஸ் செக், சைல்ட் அப்யூஸ் ரெண்டுக்கும் கட்டணத்த ரத்து பண்ணினாங்க. அந்த ஆள் மேல அதுக்கு முன்னாடி தண்டனை எதுவும் இல்ல, கிளியரன்ஸ் மட்டும் இருந்திருந்தா பிடிச்சிருக்காது, அதனாலதான் நாம கண்ண திறந்து வச்சுக்கணும்னும் சட்டம் சொல்லுது. குழந்தைங்க பொறுப்ப ஏத்துக்கிட்ட வாலன்டியர், சந்தேகப்பட காரணம் இருந்தா சைல்ட்லைனுக்கு (குழந்தை கொடுமைய புகார் பண்ற ஸ்டேட் ஃபோன் லைன்) சொல்லியே ஆகணும், 1-800-932-0313. நம்ம பிள்ளை பக்கத்துல உக்கார்ற இன்னொரு பெரியவர் இத தாண்டி வந்திருக்காருங்கிறது எனக்கு நிம்மதியா இருக்கு, அதே நிம்மதிய நான் அடுத்த வீட்டு அம்மாவுக்கு குடுக்கணும்ல.

கேள்வி: சனிக்கிழமை தமிழ் ஸ்கூல்ல பாடம் எடுக்குறேன், அதுக்கு தனியா எடுக்கணுமா?

வேண்டாம், வாலன்டியர்னு எடுத்தது எல்லா வாலன்டியர் வேலைக்கும் செல்லும், காப்பி குடுங்க. சம்பள வேலைக்கு மட்டும் அத காட்ட முடியாது. தமிழ் ஸ்கூல் நடத்துறவங்களுக்கு ஒரு வார்த்தை: வாடகை இடத்துல நடந்தாலும் சட்டம் உங்களுக்கும் உண்டு, நம்ம ஆளுதானேன்னு விடாதீங்க.

கேள்வி: வெள்ளிக்கிழமை ஃபீல்ட் ட்ரிப், நான் இன்னும் எதுவுமே எடுக்கல. ஏதாவது வழி இருக்கா?

இந்த வெள்ளிக்கிழமைக்கு இல்லங்க. சில டிஸ்ட்ரிக்ட்ல பேப்பர் எல்லாம் வந்தப்புறமும் போர்டு மீட்டிங்ல பேர ஓகே பண்ணணும், அது மாசத்துக்கு ஒரு தடவதான் நடக்கும். பிள்ளைகிட்ட இன்னைக்கே சொல்லிடுங்க, கடைசி நிமிஷத்துல ஏமாந்தா அழும். டீச்சருக்கு ஒரு மெயில் போட்டு வீட்ல இருந்து வெட்டி ஒட்டி குடுக்குற வேலை இருந்தா அனுப்ப சொல்லுங்க, அதுக்கு எந்த கிளியரன்சும் வேண்டாம். இன்னைக்கு ராத்திரி பேட்ச் போடுங்க, அம்மாவுக்கு ஃபோன் போட்டு அட்ரஸ் எல்லாம் கேட்டுக்கோங்க, நாளைக்கு சைல்ட் அப்யூஸ், இந்த வாரத்துலயே கைரேகைக்கு அப்பாயின்ட்மென்ட். ஸ்பிரிங்ல இன்னொரு ட்ரிப் வரும்ல, அதுக்கு முதல் பேரு உங்களோடதா இருக்கட்டும்.