அயில்டன் போல் போய்விடாதே என்று அந்தப் பெரியவர் சொன்னது

தங்கச்சி, உங்கள் கேள்வியை இரண்டு தடவை வாசித்தேன். ஜேர்மனியில், இந்தப் பிரேமன் நகரில் தாதியாக வேலைக்குச் சேர்ந்து பதினான்கு மாதம். நாகர்கோவிலில் படித்த படிப்புக்கு இப்போதுதான் இங்கே அங்கீகாரம் கிடைத்திருக்கிறது. அதற்குள் ஒரு முகவர் சூரிச்சில் பெரிய சம்பளம் காட்டுகிறார், போகலாமா என்று கேட்கிறீர்கள். உங்கள் வார்டில் கட்டில் கம்பியில் பச்சை வெள்ளைச் சால்வை கட்டி வைத்திருக்கும் முதியவர், சூரிச் என்ற பெயரைக் கேட்டதும் "அயில்டன் போல் போய்விடாதே" என்றாராம். அந்த அயில்டன் யார் என்றும் கேட்டிருக்கிறீர்கள். இந்த ஊர்க் கழகமான வேர்டர் பிரேமனுக்கு ஒருகாலம் ஆடிய பிரேசில் உதைபந்தாட்ட வீரர் அவர், அந்தச் சால்வையின் நிறமும் அந்தக் கழகத்தினுடையது. பெரியவர் பொருத்தமான ஆளைத்தான் சொல்லியிருக்கிறார். அதனால் அயில்டனிடமிருந்தே தொடங்குகிறேன்.

நான் 1989-இல் யாழ்ப்பாணத்திலிருந்து இங்கே வந்தவன். பல ஆண்டுகள் உணவகக் குசினிகளில் பாத்திரம் கழுவினேன். 2001 முதல் டிராம் ஓட்டுகிறேன். வேசர் ஆற்றங்கரையில் இருக்கும் மைதானத்துக்கு ஆட்ட நாட்களில் சனத்தை ஏற்றிக்கொண்டு போவது இத்தனை ஆண்டுகளாக என் வேலையில் ஒரு பங்கு. அயில்டனை நான் அறிந்தது அப்படித்தான்.

அயில்டன் கொன்சால்வெஸ் ட சில்வா 1973-இல் பிரேசிலின் வடகிழக்கில், பராய்பா மாநிலத்து மொஜெய்ரோ என்ற சிற்றூரில் பிறந்தவர். அந்தப் பக்கத்துப் பையன்களுக்கு உதைபந்தாட்டம் விளையாட்டாக மட்டும் இருந்ததில்லை, பிழைப்புக்கான வழியும் அதுதான். ஆனால் அந்தப் பிழைப்பு நாம் நினைப்பது போன்றதல்ல. 2016-இல் பிரேசில் உதைபந்தாட்டக் கூட்டமைப்பு வெளியிட்ட கணக்கின்படி, அங்கே பதிவு பெற்ற தொழில்முறை வீரர்களில் நூற்றுக்கு எண்பது பேருக்கு மேல் மாதம் ஆயிரம் ரெயால் (பிரேசில் நாணயம்) அல்லது அதற்கும் குறைவாகவே வாங்கினார்கள். சிறு கழகங்களுக்கு ஆண்டின் முதல் மூன்று நான்கு மாதங்களில் மாநிலப் போட்டி இருக்கும். அது முடிந்தால் பலருக்கு அடுத்த ஜனவரி வரை ஆட்டமும் இல்லை, சம்பளமும் இல்லை. நாடு விட்டு நாடு மாறும் வீரர்களின் கணக்கை சர்வதேச உதைபந்தாட்டக் கூட்டமைப்பு ஒவ்வோர் ஆண்டும் எடுக்கிறது. அதில் பிரேசில்காரர்களே எப்போதும் முதலிடத்தில் நிற்பதற்கு இதுதான் காரணம். ஆசையால் கிளம்புகிறவர்களை விட அடுப்பெரிய வேண்டும் என்று கிளம்புகிறவர்கள் அதிகம். உங்களுக்கும் எனக்கும் இதை விளக்க வேண்டியதில்லை.

அயில்டன் பிரேசிலில் பல கழகங்கள் மாறி, மெக்சிகோவின் மொன்டெரே வெயிலில் கொஞ்சக் காலம் ஆடி, 1998-இல் பிரேமனுக்கு வந்தார். வந்த கொஞ்சக் காலத்திலேயே, அவரை எடுத்த பயிற்சியாளரைக் கழகம் வேலையை விட்டு அனுப்பியது. அடுத்து வந்தவர் இவரைப் பெரிதாகக் கணக்கில் எடுக்கவில்லை. மொழி தெரியாது, நான்கு மணிக்கே இருட்டிவிடும் மாரிகாலம், தன்னை விரும்பி எடுத்தவரும் இல்லை. உங்கள் முதல் நவம்பரை நினைத்துப் பாருங்கள். அப்போது பத்திரிகைகளை வாசித்தவர்கள் எல்லோரும் இவரை வீணாக வாங்கிய ஆள் என்றுதான் முடிவுகட்டினார்கள்.

1999 மே மாதம் தோமஸ் ஷாஃப் பயிற்சியாளரானார். கழகத்திலேயே வளர்ந்த, அதிகம் பேசாத மனிதர். அவர் அயில்டனை விட்டுக்கொடுக்காமல் வைத்துக்கொண்டார். அந்த ஆண்டே பெருவிலிருந்து பிஸாரோ வந்து சேர, இருவரும் முன்வரிசையில் சோடி சேர்ந்தார்கள். பிஸாரோவையும் அயில்டனின் செல்லப் பெயரான டோனியையும் சேர்த்து சனம் "பிட்சா-டோனி" என்று கூப்பிட்டது. கட்டையான, பருத்த உடம்பு. ஆனால் பந்துக்கு ஓடத் தொடங்கினால் எந்தப் பாதுகாவலனாலும் பிடிக்க முடியாது. அதனால் "பந்து மின்னல்" என்றும் ஒரு பட்டம் இருந்தது. 2002-இல் பிரான்ஸ்காரரான மிக்கூ இத்தாலியிலிருந்து வந்தார். அயில்டன் ஓடுவதற்கு முன்பே, எங்கே ஓடுவார் என்று தெரிந்து பந்தை அங்கே வைத்துவிடுகிறவர் அவர்.

அயில்டனின் ஜேர்மன் மொழியைப் பற்றிக் கட்டாயம் சொல்ல வேண்டும், ஏனென்றால் நீங்கள் உங்கள் ஜேர்மனைப் பற்றி வெட்கப்பட்டு எழுதியிருக்கிறீர்கள். பெயர்ச்சொல்லுக்கு முன் ஆண்பால், பெண்பால் பார்த்துப் போட வேண்டிய டேர், டி, டாஸ் எதையும் அவர் பொருட்படுத்தவில்லை. வினைச்சொல்லை மாற்றாமல் அடிச்சொல்லாகவே போட்டுவிடுவார். தன்னைப் பற்றிப் பேசும்போது "நான்" என்று சொல்லாமல் "அயில்டன்" என்றே சொல்வார். இந்த ஊர் அந்தப் பேச்சைத் திருத்த முனையவில்லை, பழகிக்கொண்டது. என் டிராமில் பாடசாலைப் பிள்ளைகள் அவரைப் போலவே பேசிக்கொண்டு போவார்கள். அதில் கேலியை விட வாஞ்சைதான் கூட இருந்தது. ஒவ்வொரு மாரிகால விடுமுறைக்கும் பிரேசில் போவார், சொன்ன திகதிக்குத் திரும்பமாட்டார், தண்டம் கட்டுவார். அடுத்த ஆட்டத்தில் கோல் அடிப்பார். ஷாஃப் அதையும் தாங்கிக்கொண்டார்.

2003-04 பருவத்தில் 33 ஆட்டங்களில் 28 கோல். 2004 மே 8-ஆம் திகதி மியூனிக்கில், பாயர்ன் அணியின் சொந்த மைதானத்தில், 3-1 என்று வென்று வேர்டர் பிரேமன் நாட்டின் சாம்பியனானது. மூன்றாவது கோல் அயில்டனுடையது. அன்று எனக்குப் பின்னேர வேலை. முதல் பாதி முடிவதற்குள் மூன்று கோல் விழுந்துவிட்டன. தெருவில் ஒருவரும் இல்லை. ஒவ்வொரு கோலுக்கும் இரண்டு பக்கத்து வீட்டு ஜன்னல்களிலிருந்தும் ஒரே சத்தம் வரும், வெற்று டிராமில் இருந்து நான் எண்ணிக்கொண்டேன். ஆட்டம் முடிந்து அரை மணித்தியாலத்தில் தண்டவாளம் தெரியாத அளவுக்குச் சனம். வண்டியை நிறுத்திவிட்டு மணியை மட்டும் அடித்துக்கொண்டிருந்தேன். எழுபது வயது மதிக்கத்தக்க ஒரு பெண்மணி என் சிறு ஜன்னலைத் தட்டி, கையில் இருந்த பச்சைக் கொடியை உள்ளே நீட்டி, "நீயும் பிரேமன்காரன்தானே" என்றார். வந்து பதினைந்து ஆண்டு. அந்தச் சொல்லை எனக்குச் சொன்ன முதல் ஆள் அவர். அந்தக் கொடி இன்னும் என் வீட்டில் இருக்கிறது.

மூன்று வாரத்தில் தேசியக் கிண்ணமும் வந்தது. ஒரே பருவத்தில் இரண்டும் எடுத்தது இந்தக் கழக வரலாற்றில் அதுவே முதல் தடவை. ஜேர்மனியின் ஆண்டின் சிறந்த வீரர் விருது முதன்முறையாக ஒரு வெளிநாட்டவருக்குப் போனது, அது அயில்டனுக்கு.

ஆனால், தங்கச்சி, அந்த மே மாதம் அவர் அழுதுகொண்டுதான் விடைபெற்றார். பருவத்தின் நடுவிலேயே ஷால்க்க என்ற இன்னொரு ஜேர்மன் கழகத்தோடு பேசி முடித்திருந்தார். வயது முப்பது. இனி ஒரு பெரிய ஒப்பந்தம்தான் கிடைக்கும், கூடிய சம்பளம் தருகிறார்கள். நான் அவரைக் குறை சொல்லமாட்டேன். மொஜெய்ரோவில் பிறந்தவன் அந்தக் கணக்கைப் போட்டுத்தான் ஆக வேண்டும். பிரேமனை விட்டுப் போனது தன் பிழை என்று பின்னாளில் அவரே பேட்டிகளில் சொல்லிவிட்டார்.

ஷால்க்கவில் அவர் மோசமாக ஆடினார் என்று நினைத்துவிடாதீர்கள். கோல் அடித்தார், அணியும் இரண்டாம் இடம் வந்தது. ஆனால் ஒரே பருவத்தில் விட்டுவிட்டார்கள். பிறகு இஸ்தான்புல்லில் பெசிக்டாஸ் கழகம். அரைப் பருவத்தில் பிரேமனின் பரம வைரியான ஹம்பேர்க். பெல்கிரேட்டில் ரெட் ஸ்டார். நீங்கள் இப்போது பார்க்கும் அதே சூரிச்சில் கிராஸ்ஹாப்பர். டுயிஸ்பேர்க், உக்ரைனின் டொனெட்ஸ்க், ஆஸ்திரியாவின் அல்டாக், பிரேசிலில் கம்பினென்சே, சீனாவின் சோங்சிங், திரும்பவும் ஜேர்மனியில் ஊர்டிங்கன். ஆறு ஆண்டுகளுக்குள் இத்தனை. ஒவ்வொரு இடத்திலும் புது வீடு, புது வங்கிக் கணக்கு, புது மொழி. பெயரைப் பிழையாக உச்சரிக்கும் புது ஆட்கள். ஒவ்வொரு மாற்றத்திலும் முகவருக்குப் பங்கு. இருந்தால் முகவருக்கு ஒன்றுமில்லை, நகர்ந்தால்தான் அவருக்கு வரும்படி.

இதில் இன்னொரு கிளைக்கதையும் உண்டு. ஜேர்மனியில் கோல் மழை பொழிந்த இவரைப் பிரேசில் தேசிய அணி ஒரு தடவையும் கூப்பிடவில்லை. 2004 தொடக்கத்தில் கத்தார் நாடு பெருந்தொகை பேசி, இவருக்கும் டோர்ட்முண்டில் ஆடிய டெடேக்கும் குடியுரிமை தந்து தன் அணியில் ஆட வைக்கப் பார்த்தது. இருவருக்கும் கத்தாரோடு எந்தத் தொடர்பும் இல்லை. மார்ச் மாதத்தில் சர்வதேசக் கூட்டமைப்பு அவசர விதி போட்டு மறித்தது: அங்கே பிறந்திருக்க வேண்டும், பெற்றோரோ பாட்டன் பாட்டியோ பிறந்திருக்க வேண்டும், அல்லது இரண்டு ஆண்டாவது வாழ்ந்திருக்க வேண்டும். இந்த டெடேயும் அயில்டன் வந்த அதே 1998-இல் பிரேசிலிலிருந்து வந்தவர்தான். அவர் டோர்ட்முண்டிலேயே பதின்மூன்று பருவம் இருந்தார். 2015-இல் அவருக்காக ஒரு விடைபெறும் ஆட்டம் வைத்தபோது எண்பதாயிரம் பேர் வந்தார்கள்.

நான் பல ஆண்டு யோசித்துக் கண்டது இது. 28 கோலையும் அடித்தது அயில்டனின் கால்தான். ஆனால் அந்தக் காலுக்கு முன்னால் மிக்கூவின் பந்து இருந்தது. பிந்தி வந்தாலும் கதவை அடைக்காத ஷாஃப் இருந்தார். அவருடைய உடைந்த ஜேர்மனை விளங்கிக்கொள்ளும் ஓர் ஊர் இருந்தது. ஒப்பந்தத்தில் கையெழுத்து வைத்தபோது அவர் தன் காலை மட்டும்தான் கொண்டுபோனார். மற்றதெல்லாம் இங்கேயே நின்றுவிட்டது.

எனக்கும் இது நடந்தது. 1996-இல் தெற்கே ஒரு தொழிற்சாலையில் ஒன்றரை மடங்கு சம்பளம் என்று குடும்பத்தோடு போனேன். சம்பளம் சொன்னபடியே வந்தது. ஒருநாள் இரவு இரண்டு மணிக்கு மகனுக்கு நாற்பது பாகை காய்ச்சல். பிரேமனில் என்றால் கீழ்வீட்டு அம்மாவின் கதவைத் தட்டியிருப்பேன், அவர் காரை எடுத்திருப்பார். அங்கே ஆறு மாடிக் கட்டடத்தில் எந்தக் கதவைத் தட்டுவது என்று தெரியாமல் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு படியில் நின்றேன். பதினான்காம் மாதம் திரும்பி வந்துவிட்டோம்.

உங்கள் விடயத்துக்கு வருகிறேன். முகவர் சொல்லாததை முதலில் பாருங்கள். இங்கே பெற்ற அங்கீகாரம் சுவிஸில் அப்படியே செல்லாது, அங்கே செஞ்சிலுவைச் சங்கத்திடம் புதிதாக விண்ணப்பிக்க வேண்டும். ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியே இருந்து வருகிறவர்களுக்கு அங்கே வேலை அனுமதி ஆண்டுக்கு இத்தனை பேர் என்ற வரம்புக்கு உட்பட்டது. மருத்துவக் காப்புறுதியை ஒவ்வொருவரும் தன் பையிலிருந்தே கட்ட வேண்டும். அதையும் சூரிச் வாடகையையும் கழித்துவிட்டுச் சம்பளத்தை எழுதிப் பாருங்கள். இங்கே அங்கீகாரம் பெற்ற தொழிலாளராக மூன்று ஆண்டு ஓய்வூதியப் பணம் கட்டி, பி1 என்ற இடைநிலை ஜேர்மன் மொழித் தேர்ச்சியும் இருந்தால் நிரந்தர வதிவிட உரிமை கேட்கலாம். அந்தக் கடிகாரம் உங்களுக்கு இப்போதுதான் ஓடத் தொடங்கியிருக்கிறது. ஆறு மாதத்துக்கு மேல் நாட்டை விட்டுப் போனால் இங்குள்ள அனுமதி பொதுவாகக் காலாவதியாகிவிடும். மொழி வகுப்புக்கு மருத்துவமனை செலவழித்திருந்தால், இத்தனை ஆண்டுக்குள் விலகினால் பணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்ற வரி ஒப்பந்தத்தில் இருக்கலாம். இன்றிரவே எடுத்துப் பாருங்கள்.

இதற்குப் பிறகு, காகிதத்தில் வராத கணக்கு. இரவு வேலையில் உங்கள் ஜேர்மன் தடுமாறும்போது, நீங்கள் சொல்ல வந்ததை முடித்து வைக்கும் மூத்த தாதி ஒருவரைப் பற்றி எழுதியிருந்தீர்கள். அவர்தான் உங்கள் மிக்கூ. அவருடைய பெயரையும் எழுதி வைத்து, சூரிச் சம்பளத்தில் எத்தனை பிராங்க் அவருக்கு ஈடாகும் என்று பாருங்கள். ஈடாகும் என்று உங்கள் மனம் சொன்னால் போங்கள், தடுக்கமாட்டேன். ஊரில் கடனோ தங்கை கலியாணமோ நெருக்கினால் அந்தக் கணக்கே வேறு. அப்படி எதுவும் நீங்கள் எழுதவில்லை. அதனால் என் சொல் இது: நிரந்தர உரிமை கைக்கு வரும்வரை இருங்கள், பிறகு முடிவு செய்யுங்கள்.

அயில்டனின் கதையில் இன்னும் ஒரு பகுதி மிச்சம் இருக்கிறது. 2010-இல் அவர் பிரேமனுக்குத் திரும்பி வந்தார். வேர்டருக்கு அல்ல, நகரின் கிழக்கு ஓரத்தில் இருக்கும் ஓபர்நொய்லாண்ட் என்ற சிறு கழகத்துக்கு. நான் மகனைக் கூட்டிக்கொண்டு போனேன். கம்பி வேலிக்கு அப்பால் கையெட்டும் தூரத்தில் நின்றார். வயது முப்பத்தேழு, உடம்பு இன்னும் பருத்திருந்தது, மூச்சு வாங்கியது. ஒரு பந்து தூரத்திலிருந்து வந்தது. ஓடவில்லை, இடது காலை மட்டும் நீட்டினார், பந்து அதில் வந்து ஒட்டிக்கொண்டது. வேலியோரம் நின்ற எல்லோரும் ஒரே குரலில் "டோனி" என்றார்கள். அவர் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். 2014 செப்டம்பரில் வேசர் மைதானத்திலேயே அவருக்கு விடைபெறும் ஆட்டமும் வைத்தார்கள். பத்து ஆண்டுக்கு முன் போனவருக்கு அந்த ஊர் அன்றைக்கும் வந்து நின்றது. எல்லோருக்கும் இது வாய்க்காது.

நாளைக்கு வார்டுக்குப் போனதும் அந்தப் பெரியவரின் மருந்தைக் கொடுக்கும்போது "பிட்சா-டோனி" என்று மட்டும் சொல்லிப் பாருங்கள். அரை மணித்தியாலம் பேசுவார். கவனமாகக் கேளுங்கள், அவர் பேசுவது வடக்கு ஜேர்மன் பேச்சு, அதையும் நீங்கள் பழக வேண்டியிருக்கிறது.